பின்வரிசையில் நிற்கும் துணைவன்



ஓய்வு பெற்ற தலைமையாசிரியன் ஒருவன் வானொலியில் பேச வந்தால், தேர்வுக்குப் படிக்கும் முறையைப் பற்றியோ நேரந் தவறாமையைப் பற்றியோ பேசுவான் என்று நீங்கள் எதிர்பார்த்திருக்கலாம். நான் இன்று பேச எடுத்துக்கொண்ட பொருளோ ஒரு வீடியோ விளையாட்டு. அவ்விளையாட்டிலும் வாளேந்தி வெற்றி கொள்ளும் வீரனை விட்டுவிட்டு, அவன் பின்னே நின்று துணைபுரியும் ஒருவரைத் தொடக்கத்திலேயே எவ்வாறு உருவாக்க வேண்டும் என்பதைப் பற்றியே பேசப் போகிறேன். சென்ற கோடை விடுமுறையில் என் பேரனுக்கு முன்னே மாணவனாக அமர்ந்து இதனை நான் கற்றேன். கற்பதற்கு முன் தவறு செய்தேன். அதையும் மறைக்காமல் சொல்கிறேன்.

விளையாட்டின் பெயர் ‘ஃபைனல் ஃபேண்டசி’. ஜப்பான் நாட்டு ஸ்கொயர் நிறுவனம், நிண்டெண்டோவின் ஃபேமிகாம் கருவிக்காக 1987 டிசம்பர் 18 அன்று இதனை வெளியிட்டது. ஹிரோனோபு சகாகுச்சி இயக்கினார். நாசிர் கெபெல்லி நிரல் எழுதினார். யோஷிதாகா அமானோ ஓவியந் தீட்டினார். நோபுவோ உவெமாட்சு இசையமைத்தார். ஆங்கில வடிவம் 1990-ல் அமெரிக்காவில் வெளிவந்தது. நிண்டெண்டோ நிறுவனம் 30 பழைய விளையாட்டுகளை ஒரு சிறு பெட்டியில் அடக்கி 2016-ல் விற்பனைக்குக் கொண்டுவந்தது. அப்பெட்டி ஒன்று எங்கள் வீட்டிற்கும் வந்து சேர்ந்தது. அதில்தான் நான் விளையாடினேன். பின்னாளில் வெளிவந்த திருத்தப் பதிப்புகளில் எண்களும் பெயர்களும் மாறியுள்ளன. நான் கூறும் கணக்கெல்லாம் அந்தப் பழைய வடிவத்துக்கே உரியவை.

இவ்வகை விளையாட்டின் இயல்பை முதலில் தெரிந்துகொள்வோம். நான்கு பேர் கொண்ட ஒரு குழுவை நாமே அமைக்கிறோம். ஃபைட்டர் எனப்படும் வீரர், திருடர், கைச்சண்டை வல்லவரான பிளாக் பெல்ட், ஒயிட் மேஜ் எனப்படும் வெண்மந்திரவாதி, கருமந்திரவாதி, இரண்டையும் சிறிது சிறிது கற்ற செம்மந்திரவாதி என ஆறு தொழிலினர் உண்டு. அவர்களுள் நால்வரைத் தேர்ந்தெடுக்க வேண்டும். ஒவ்வொருவருக்கும் உயிர்ப்புள்ளிகள் என ஓர் எண் இருக்கும். அடி விழ விழ அது குறையும். பூச்சியமானால் அவர் வீழ்ந்தார். பகைவரை வென்றால் அனுபவப் புள்ளிகள் கிடைக்கும். அவை சேர்ந்தால் படி உயரும். நம் துணைவராகிய வெண்மந்திரவாதி காயம் ஆற்றுவார். பிறருக்குக் காப்பு அளிப்பார். தம் கையால் பகைவரை வீழ்த்துவது அவருக்கு அரிது.

பயணம் கொனேரியா என்னும் நகரில் தொடங்குகிறது. கையில் இருப்பது 400 பொன். அதைச் செலவிடும் முறையிலேயே துணைவரின் எதிர்காலம் அடங்கியிருக்கிறது. ஊரின் வெண்மந்திரக் கடையில் முதற்படி மந்திரங்கள் நான்கு, ஒவ்வொன்றும் 100 பொன் விலையில் விற்கப்படுகின்றன. ‘கியூர்’ ஒருவருக்கு 16 முதல் 32 வரை உயிர்ப்புள்ளி திருப்பித் தரும். ‘ஃபாக்’ ஒருவருடைய காப்பை அந்தப் போர் முடியும்வரை 8 கூட்டும். ‘ரூஸ்’ மந்திரவாதி தாமே அடிக்குத் தப்ப உதவும். ‘ஹார்ம்’ எலும்புக்கூடு போன்ற உயிரற்ற பகைவரை மட்டும் தாக்கும். இந்நான்கில் மூன்றைத்தான் ஒருவர் கற்க முடியும். கற்றதை மறக்கவும் வழியில்லை. ஆகவே தேர்வு எளிதன்று.

எதை முதலில் வாங்குவது? கியூர் என்பதே என் விடை. காரணத்தைக் கணக்காகவே காட்டலாம். கடையில் ஒரு மருந்துக் குப்பியின் விலை 60 பொன். ஏறத்தாழ 30 புள்ளி ஆற்றும். ஒரு முறையோடு தீர்ந்துபோகும். கியூர் சராசரியாக 24 புள்ளி ஆற்றுகிறது. முதற்படியில் இருக்கும் வெண்மந்திரவாதி அதை இரு முறை பயன்படுத்தலாம். பின்னர் விடுதியில் 30 பொன் கொடுத்து ஓர் இரவு தங்கினால் அவ்விரு முறையும் மீண்டும் கிடைக்கின்றன. நால்வருடைய காயமும் ஆறுகிறது. ஒரு முறை செலவிட்ட 100 பொன் நாள்தோறும் பயன் தருகிறது.

ஆயினும் 400 பொன்னையும் மந்திரத்தில் கொட்டிவிடலாகாது. வீரர், பிளாக் பெல்ட், வெண்மந்திரவாதி, கருமந்திரவாதி என்னும் நால்வரை நான் தேர்ந்தேன். என் பேரன் வகுத்த வரவுசெலவுத் திட்டம் இது. வீரருக்குச் சங்கிலிக் கவசம் 80, வாள் 10. வெண்மந்திரவாதிக்குக் கியூர் 100, சுத்தியல் 10. கருமந்திரவாதிக்குத் தீ மந்திரம் 100. பிளாக் பெல்டுக்கு நஞ்சாக்கு என்னும் சங்கிலித் தடி 10. கவசமற்ற மூவருக்கும் துணியாடை தலைக்குப் 10 வீதம் 30. கூட்டினால் 340. எஞ்சிய 60 பொன்னுக்கு ஒரு மருந்துக் குப்பி. காசு மீதமில்லை, கடனும் இல்லை. துணைவருக்குரிய பொருளில் கைவைக்காமலும், அவருக்கே எல்லாவற்றையும் கொடுத்துவிடாமலும் போட்ட திட்டம் அது. வீரருக்கு வாங்கிய கவசமும் துணைவருக்குச் செய்த உதவியே. அந்தக் கவசம் தடுத்த அடியை அவர் ஆற்ற வேண்டியதில்லை அல்லவா?

இனி என் முதல் தவறு. நால்வரை வரிசைப்படுத்தும்போது வெண்மந்திரவாதியை நான் முதலிடத்தில் நிறுத்தினேன். தலைமையாசிரியனாக இருந்தவனுக்குப் பொறுப்புள்ளவர் முன்னே நிற்க வேண்டும் என்ற எண்ணம் இயல்பாக வந்துவிட்டது. இவ்விளையாட்டில் பகைவன் அடிக்கும் எட்டு அடியில் நான்கு முதலிடத்தவருக்கும், இரண்டு இரண்டாமிடத்தவருக்கும், மூன்றாமவருக்கும் நான்காமவருக்கும் ஒவ்வொன்றுமாகப் போய்ச் சேரும் என்பது சராசரிக் கணக்கு. தொடக்கத்தில் வீரருக்கு உயிர்ப்புள்ளி 35, வெண்மந்திரவாதிக்கு 28. உடலில் துணியாடை மட்டும். ஊர் எல்லையைத் தாண்டிச் சில போர்கள் முடிவதற்குள் அவர் வீழ்ந்தார்.

“தாத்தா, அவரை ஏன் முன்னால் நிறுத்தினீர்கள்? அவர் விழுந்தால் மற்றவர்களை யார் தூக்குவது?” என்று பேரன் கேட்டான். நான் வாய் திறக்கவில்லை. வீழ்ந்தவரை எழுப்பும் ‘லைஃப்’ மந்திரம் ஐந்தாம் படியில்தான் கிட்டும். அதையும் போர்க்களத்தில் பயன்படுத்த இயலாது. ஆகையால் ஊருக்குத் திரும்பி, மருத்துவமனையில் 40 பொன் கட்டி அவரை எழுப்பினோம். மூன்றாம் இடத்தில் நிறுத்தினோம். அங்கே எட்டில் ஓர் அடிதான் அவரைத் தேடி வரும்.

இரண்டாவது தவறு இதனினும் நுட்பமானது. போரின் நடுவே பிளாக் பெல்டுக்கு உயிர்ப்புள்ளி மிகக் குறைந்துவிட்டது. உடனே கியூர் சொல்லுமாறு ஆணையிட்டேன். ஆனால் இவ்விளையாட்டில் ஒரு சுற்றின் தொடக்கத்திலேயே நால்வருக்கும் ஆணை கொடுத்துவிட வேண்டும்; அதன்பின் யார் முந்துவார் என்பது குருட்டாம்போக்கில் அமையும். பகைவன் முந்திக்கொண்டான். பிளாக் பெல்ட் வீழ்ந்தார். அதன்பிறகே வெண்மந்திரவாதியின் முறை வந்தது. மந்திரம் வீணாயிற்று.

இதிலிருந்து பெறப்படும் விதி என்ன? புண் ஆற்றுவதைப் போர் முடிந்தபின் அமைதியாகச் செய்க. போர்க்களத்தில் செய்ய நேர்ந்தால், ஒருவர் பாதி வலிமையோடு நிற்கும்போதே செய்க. இன்னும் ஓரடி விழுந்தால் வீழ்வார் என்னும் நிலைவரை காத்திருந்தால், உதவி சென்று சேருமா என்பது நம் கையில் இல்லை.

காப்பு மந்திரமாகிய ஃபாக்கின் பயனை இங்கே காணலாம். கையில் பொன் சேர்ந்ததும் நான் இரண்டாவதாக வாங்கியது அதுவே. கொனேரியாவின் வடக்கே பாழடைந்த கோயிலில் கார்லண்ட் என்னும் கொடிய வீரன், அரசகுமாரியைச் சிறைப்பிடித்து வைத்திருக்கிறான். அவனுக்கு உயிர்ப்புள்ளி 106; தாக்கும் வலிமை 15. அடியின் அளவு, தாக்கும் வலிமையிலிருந்து அதன் இருமடங்கு வரை, அதாவது 15 முதல் 30 வரை அமையும். அதிலிருந்து நம் காப்பு கழியும். கவசமில்லாத வீரர் ஈரடியில் வீழக்கூடும். சங்கிலிக் கவசத்தின் காப்பு 15. அதை அணிந்தவருக்கு மிகப் பெரிய அடியும் 15-ஐத் தாண்டாது. அதன்மேல் ஃபாக்கும் சேர்ந்தால் காப்பு 23. அப்போது மிகப் பெரிய அடி 7-தான்.

ஃபாக் ஓரடிக்கு 8 புள்ளிவரை மிச்சப்படுத்தும். கியூரின் சராசரியோ 24. எனவே, ஒரே ஆள்மேல் மூன்று பலத்த அடிகளுக்குக் குறையாமல் விழும் நெடிய போரில் ஃபாக் முந்தி நிற்கும். குறுகிய போரில் கியூரே மேல். இம்ப் என்னும் சிறு பூதத்தின் தாக்கும் வலிமை 4. அதன் பேரடி 8. சங்கிலிக் கவசம் அணிந்தவர்மேல் அது அநேகமாக உறைக்கவே உறைக்காது. அவ்விடத்தில் ஃபாக் சொல்வது, குடை பிடித்திருப்பவனுக்கு இன்னொரு குடை பிடிப்பதற்கு ஒப்பாகும். எந்தப் போர் பெரியது என்று முன்னரே அறிவது துணைவரின் கல்வி.

இரண்டே முறைதான் மந்திரம் சொல்ல முடியும் என்பதால், ஒரு முறை மீதமிருக்கும்போதே ஊரை நோக்கித் திரும்பிவிட வேண்டும் என்றும் கற்றேன். திரும்பும் வழியிலும் பகைவர் உண்டு. படி உயர உயர மந்திரம் சொல்லும் தடவை கூடும். ஆனால் கியூரின் வலிமை கூடாது. அந்தப் பழைய வடிவத்தில் ‘அறிவு’ எனக் குறிக்கப்பட்ட எண், நிரலில் நேர்ந்த பிழையால், மந்திரத்தின் ஆற்றலை ஒரு சிறிதும் மாற்றுவதில்லை. ஆதலால் வெண்மந்திரவாதி எத்தனை படி ஏறினாலும் கியூர் 16 முதல் 32 வரைதான். அதே மருந்தை எந்நேரத்தில், யாருக்கு, எந்த அளவில் கொடுப்பது என்னும் தெளிவு நம்மிடம் வளர வேண்டும்.

இறுதியாக ஒரு செய்தி. போர் வென்றபின் அனுபவப் புள்ளிகள், அப்போது உயிரோடு நிற்பவர்களுக்கு மட்டுமே பங்கிடப்படுகின்றன. வீழ்ந்து கிடப்பவருக்கு ஒன்றும் கிடைக்காது. வீழ்ந்தவர் பின்தங்குகிறார், பின்தங்கியவர் வலிமை குன்றி நிற்கிறார், வலிமை குன்றியவர் அடுத்த போரிலும் முதலில் வீழ்கிறார். எங்கள் பிளாக் பெல்டுக்கு அதுவே நேர்ந்தது. மற்ற மூவரும் இரண்டாம் படிக்கு ஏறிய வேளையில் அவர் மட்டும் கீழே நின்றார். பேரன் சாதாரணமாகச் சொன்னான்: “இனி இவருக்குத்தான் நாம் முதலில் பார்க்க வேண்டும் தாத்தா.”

அச்சொல் என்னை வேறோர் இடத்துக்கு இழுத்துச் சென்றது. பல்லாண்டுகளுக்கு முன், நான் வகுப்பாசிரியனாக இருந்தபோது, எட்டாம் வகுப்பு மாணவன் ஒருவன் காய்ச்சலில் மூன்று வாரம் பள்ளிக்கு வரவில்லை. திரும்பி வந்தபோது இயற்கணிதம் வெகுதூரம் சென்றிருந்தது. அவன் கடைசி வரிசையில் பேசாமல் அமர்ந்திருந்தான். நான் அவனைக் கண்டேன். அரையாண்டுத் தேர்வு வரட்டும், மதிப்பெண்ணைப் பார்த்துத் தனி வகுப்பு வைப்போம் என்று எண்ணினேன். தேர்வு வந்தது. மதிப்பெண் தாழ்ந்தது. தனி வகுப்புக்கு நாள் குறித்தேன். விடுமுறைக்குப் பிறகு அவன் பள்ளிக்கு வரவே இல்லை. உதவி செய்ய வேண்டும் என்ற எண்ணம் எனக்கு இருந்தது. எண்ணம் இருந்தும் என் முறை வருவதற்குள் அவன் வீழ்ந்துவிட்டான். அவன் திரும்பி வந்த அன்றே பத்து நிமிடம் அருகில் அமர்ந்திருந்தால் போதுமாக இருந்திருக்கும்.

கார்லண்டை நாங்கள் ஒருநாள் மாலை வென்றோம். முதற்சுற்றில் வீரருக்கு ஃபாக். நான்காம் சுற்றில், பாதி வலிமையோடு நின்ற பிளாக் பெல்டுக்குக் கியூர். இரண்டோடு துணைவரின் கையிருப்பு தீர்ந்தது. இறுதி அடியை அடித்தவர் பிளாக் பெல்ட். வெண்மந்திரவாதி அப்போரில் பகைவன்மேல் ஒரு கீறலும் போடவில்லை. ஆனால் நால்வரும் நின்றுகொண்டிருந்தார்கள். நால்வருக்கும் அனுபவம் பங்கிடப்பட்டது. கொனேரியா மன்னர் வடக்கே பாலம் கட்டித் தந்தார்; புதிய நாட்டுக்கு வழி திறந்தது.

மாணவர்களே, நீங்கள் இவ்விளையாட்டை ஆடினாலும் ஆடாவிட்டாலும், உங்கள் வகுப்பில் நீண்ட நாள் வராமல் இருந்து நாளை திரும்பி வரும் ஒருவன் இருப்பான். அவனுக்கு உங்கள் குறிப்பேட்டை நாளைக்கே கொடுங்கள். தேர்வு வரும்வரை காத்திராதீர்கள்.