குன்னூர்க் குருவியின் குலம் எது?

எலெக்ட்ரானிக் சிட்டியில் குடியிருக்கும் நம் சங்க அன்பர்கள் பலருக்கும் இந்தப் பறவை பழக்கமானதுதான். சாயங்காலம் கம்பெனி பஸ்கள் வரிசையாகப் புறப்படும் நேரத்தில், அடுக்குமாடிக் கட்டடங்களுக்கு மேலே கூட்டமாகக் கீச்சிட்டுக்கொண்டு வட்டமிடும். உடல் கறுப்பு, இடுப்பில் ஒரு வெள்ளைப் பட்டை, அரிவாள் போல வளைந்த இறக்கை. 'தகைவிலான்' என்று சிலர் சொல்வார்கள். அது தவறு. இது நாட்டு உழவாரன். தகைவிலான் மின்கம்பியில் வரிசையாக உட்காரும். உழவாரன் கம்பியில் உட்காரவே உட்காராது. அதன் நான்கு விரல்களும் முன்னோக்கியே இருப்பதால் சுவரைப் பற்றித் தொங்க முடியுமே தவிர, கம்பியைப் பிடிக்க வராது.

இந்தக் குழப்பம் நமக்கு மட்டும் வந்ததல்ல. 1758-ல் உயிரினங்களுக்கெல்லாம் பெயர் சூட்டிய லின்னேயஸே உழவாரனைத் தகைவிலான் குடும்பத்தில்தான் சேர்த்தார். இரண்டும் பறந்தபடியே பூச்சி பிடிப்பதால் உருவம் ஒத்துப் போயிற்று, உறவு கிடையாது. உழவாரனுக்கு நெருங்கிய சொந்தம் அமெரிக்கக் கண்டத்தில் தேன் குடிக்கும் ஹம்மிங் பறவை என்றால் நம்புவீர்களா? அதுதான் உண்மை.

இந்த உழவாரனின் தம்பி முறையுள்ள ஒரு சிறு பறவையைப் பற்றித்தான் எழுத வந்தேன். நீளம் சுமார் 12 செ.மீ. உடல் முழுக்க மங்கிய பழுப்பு, பார்வைக்கு அழகு ஒன்றும் இல்லை. ஆனால் இதற்கு விஞ்ஞானப் பெயர் கிடைத்தது நம் நீலகிரியிலிருந்து. மதராஸ் பட்டாளத்தில் மருத்துவராக இருந்த ஜெர்டன் என்ற ஆங்கிலேயர், குன்னூர் மலைப்பாதையில் கிடைத்த பறவையை வைத்து 1840-ல் 'யூனிகலர்' என்று பெயரிட்டார். ஒரே நிறத்தது என்று பொருள். அவரும் அதைத் தகைவிலான் இனம் என்றே எழுதி வைத்தார்! மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூருக்குப் பல்சக்கர ரயில் ஏறியது 1899-ல்தான். ரயிலுக்கு ஐம்பத்தொன்பது ஆண்டுகள் மூத்தது இந்தப் பெயர் என்பதில் ரயில்வேக்காரனான எனக்கு ஒரு சின்னப் பொறாமை.

பிறகு இந்தச் சிறு உழவாரன்களை எல்லாம் 'கொல்லோகாலியா' என்ற ஒரே பேரினத்தில் அடைத்தார்கள். பழைய பறவை நூல்களில் நம் குன்னூர்க் குருவியும் அப்படித்தான் அச்சாகியிருக்கும். நிறத்திலும் அளவிலும் ஒன்றையொன்று உரித்து வைத்தாற்போல் இருக்கும் பறவைகளை எப்படிப் பிரிப்பது? கூட்டை வைத்துப் பிரித்துப் பார்த்தார்கள். சில இனங்கள் எச்சிலை மட்டுமே கொண்டு கூடு கட்டும். சில பாசியையும் இறகையும் எச்சிலால் ஒட்டும். இதுவும் முழுதாகக் கை கொடுக்கவில்லை.

அப்போதுதான் காது உதவிக்கு வந்தது. சில சிறு உழவாரன்கள் இருண்ட குகைக்குள் 'டிக் டிக்' என்று ஒலி எழுப்பி, பாறையில் பட்டுத் திரும்பும் எதிரொலியைக் கேட்டுப் பறக்கின்றன. வௌவாலின் வித்தைதான், ஆனால் வௌவால்களின் ஒலி பெரும்பாலும் நம் காதுக்கு எட்டாது, இது நன்றாகவே கேட்கும். வௌவால் ஒலியால் இரையையும் பிடிக்கும். இதற்கு அது வழி காட்ட மட்டுமே. 1970-ஐ ஒட்டி ரிச்சர்டு புரூக் என்பவர், எதிரொலி கேட்டுப் பறப்பவை தனிக் குலம் என்று சொல்லி அவற்றை 'ஏரோடிராமஸ்' என்ற பேரினத்துக்கு மாற்றினார். குன்னூர்க் குருவியும் அந்த வீட்டுக்குப் போயிற்று. 1996-ல் மரபணுவைப் பரிசோதித்தவர்களும் இந்தப் பிரிவினை சரி என்றார்கள். கூட்டின் அமைப்பு உறவைக் காட்டுவதில்லை என்றும் கண்டார்கள்.

ஆனால் 2004-ல் வந்தது சிக்கல். பிலிப்பைன்ஸ் தீவுகளில் வாழும் குட்டை இனம் ஒன்று கொல்லோகாலியாவைச் சேர்ந்தது. அதுவும் 'டிக் டிக்' என்று குகையில் பறப்பது தெரிய வந்தது! எந்த அடையாளத்தைச் சொல்லி வீட்டைப் பிரித்தார்களோ, அந்த அடையாளமே பொதுச் சொத்தாகிவிட்டது. ஏரோடிராமஸ் என்ற பெயர் இன்றும் நிற்கிறது. மரபணுவின் பலத்தில் நிற்கிறது, காதின் பலத்தில் அல்ல.

'பெயர் எதுவானால் என்ன சார், குருவி குருவிதானே?' என்று எங்கள் குடியிருப்பில் ஒரு நண்பர் கேட்டார். அந்தமான் கதையை அவருக்குச் சொன்னேன். அங்கே குகைகளில் வாழும் ஓர் ஏரோடிராமஸ் முழுக்க எச்சிலாலேயே வெள்ளைக் கூடு கட்டுகிறது. சீனர்கள் சூப் வைத்துச் சாப்பிடுவது இந்த வகைக் கூட்டைத்தான். முட்டையையும் குஞ்சையும் தள்ளிவிட்டுக் கூட்டைத் திருடியதால் இனமே சரிந்தது. வேடிக்கை என்னவென்றால், 'உண்ணத்தக்கது' என்று பொருள்படும் 'எஸ்குலென்டா' என்ற பெயரை லின்னேயஸ் வைத்தது இதற்கல்ல, புல்லும் நாரும் வைத்துக் கூடு கட்டும் ஒரு கொல்லோகாலியாவுக்கு. அந்தக் கூட்டை யாரும் விலை கொடுத்து வாங்குவதில்லை.

கோவையை அடுத்த ஆனைகட்டியில் உள்ள சாலிம் அலி பறவையியல் மையத்தைச் சேர்ந்த ரவி சங்கரன் 1990-களில் அந்தமான் குகைகளைத் தேடித் தேடி ஏறினார். கூடு திருடியவர்களையே காவலர்களாக்கினார். குஞ்சு பறந்து போன பிறகு கூட்டை எடுத்தால் பறவையும் பிழைக்கும், மனிதனும் பிழைப்பான் என்பது அவர் கணக்கு. கட்டடங்களில் கூடு கட்டும் கொல்லோகாலியாவின் கூட்டில் குகைப் பறவையின் முட்டையை வைத்து, அதையே செவிலித் தாயாக்கும் முயற்சியையும் தொடங்கினார். எது எந்த இனம் என்று தெரியாமல் இந்த வேலையில் கை வைக்க முடியுமா? 2009 ஜனவரியில் அவர் காலமானார்.

விடுமுறையில் குழந்தைகளோடு போர்ட் பிளேர் போகும் குடும்பங்கள் கட்டடங்களின் தாழ்வாரத்தை அண்ணாந்து பாருங்கள். முதுகு கருநீலமாக மின்ன, வயிறு வெளுத்த குட்டிப் பறவை உள்ளே போய் வந்துகொண்டிருந்தால் அது கொல்லோகாலியா. அதன் பின்விரலில் ஒரு துளி இறகுக் குஞ்சம் உண்டு. கண்ணால் பார்ப்பது கடினம், தொலைநோக்கி வேண்டும்.