சிரிப்பு என்னும் மந்திரநூல்

மந்திரநூல் என்றதும் நம் மனக்கண்முன் வருபவை பழைய ஓலைச்சுவடியும், கட்டம் கீறிய செப்புத் தகடும், நள்ளிரவுச் சுடுகாடும்தாம். அச்சத்தையே மையாகக் கொண்டு எழுதப்படும் நூல் அது. அவ்வாறன்றி, நகைச்சுவையையே அடிப்படையாகக் கொண்ட ஒரு மந்திரநூல் இருக்குமானால் அது எப்படியிருக்கும்? அத்தகைய நூல் கற்பனையில்தான் உண்டு. ஆயினும் அதற்குரிய அத்தியாயங்கள் நம்மிடையே சிதறிக் கிடக்கின்றன. அவற்றை எடுத்துக் கோத்துப் பார்ப்போம்.

முதல் அத்தியாயத்தை அம்பர்நாத்தில் நம்மவர் இல்லம் ஒன்றிலேயே நான் கண்டேன். குடும்பத் தலைவருக்கு வேலை போய்விட்டது. குழந்தைக்கோ விட்டுவிட்டுக் காய்ச்சல். ஊரைவிட்டு வந்து வாழும் இடத்தில் இவ்விரண்டும் சேர்ந்து வந்தால் மனம் கலங்காதவர் யார்? யாரோ சொல்லி ஒரு மந்திரவாதி வந்து சேர்ந்தார். தட்டில் மஞ்சள் நீர் வைக்கச் சொன்னார். தம் குடுக்கையிலிருந்து தெளிந்த நீரைச் சில துளி தெளித்தார். தட்டு முழுவதும் இரத்தமாகச் சிவந்தது. "செய்வினை! கழிக்க இருபதாயிரம் ஆகும்" என்றார். அந்த வீட்டு அம்மாளின் கை, தன் வளையலைக் கழற்றத் தொடங்கிவிட்டது.

அதுவரை மூலையில் வெற்றிலை மென்றுகொண்டிருந்த பாட்டி மெல்ல எழுந்தார். சமையற்கட்டிலிருந்து இன்னொரு தட்டில் மஞ்சள் நீர் கொண்டுவந்தார். தம் வெற்றிலைப் பெட்டியிலிருந்து சுண்ணாம்பை விரலால் எடுத்து அதில் கரைத்தார். அதுவும் சிவந்தது.

"ஐயா, என் தட்டிலும் செய்வினை வந்துவிட்டதே! நாலு பிள்ளைகளுக்கும் ஒன்பது பேரப்பிள்ளைகளுக்கும் கலியாணத்தன்று இதைத்தானே ஆலத்தி சுற்றிக் கொட்டினேன்! எனக்கு எவ்வளவு கேட்பீர்?"

முதலில் சிரித்தது குழந்தை. பிறகு வீடே சிரித்தது. மந்திரவாதி பையை எடுத்துக்கொண்டு படியிறங்கினார். மறுநாள் மருத்துவரிடம் காட்டினார்கள். தட்டில் கண்ட 'இரத்தம்' சொல்லாததைக் குழந்தையின் இரத்தத்துளி சொல்லிற்று: மலேரியா. உரிய மருந்துண்டு குழந்தை தேறியது. வளையலும் கையிலேயே இருக்கிறது.

இதில் மறைபொருள் ஒன்றுமில்லை. மஞ்சளில் குர்குமின் என்னும் நிறப்பொருள் உண்டு. காரம் பட்டால் அது சிவக்கும். சுண்ணாம்பு காரம். அதன் தெளிநீரோ பார்வைக்கு வெறுந்தண்ணீர் போலவே இருக்கும். சிவந்த நீரில் எலுமிச்சைச் சாற்றைப் பிழிந்தால் மீண்டும் மஞ்சளாகும். "செய்வினை கழிந்தது" என்று காட்டுவதற்கும் வழி இருக்கிறது, பாருங்கள்!

இரண்டாவது அத்தியாயம் தெனாலிராமன் கதை. ஆயிரம் முகங்களோடு காளி தோன்றியபோது அவன் அஞ்சி விழவில்லை, சிரித்தான். ஒரு மூக்கில் சளி பிடித்தாலே துடைத்து மாளவில்லையே, ஆயிரம் மூக்கிலும் பிடித்தால் தாயே நீ என்ன செய்வாய் என்று கேட்டானாம். தேவியும் சிரித்து, விகடகவி ஆவாய் என்று அருளினாளாம். பக்தி வேறு, அச்சம் வேறு என்று இக்கதையை உண்டாக்கியவர்கள் அறிந்திருந்தனர்.

மூன்றாவது, வீரமாமுனிவர் (1680–1747) எழுதிய பரமார்த்த குருவின் கதை. 1822-ல் பாபிங்டன் என்பவர் ஆங்கில மொழிபெயர்ப்புடன் இதை இலண்டனில் அச்சிட்டார். குருவும் சீடர்களும் ஆற்றைக் கடக்க அஞ்சி, அது விழித்திருக்கிறதா என்று கொள்ளிக்கட்டையை நீரில் தோய்த்துப் பார்க்கிறார்கள். கொள்ளி சீறுகிறது, ஆறு விழித்திருக்கிறது என்று ஓடுகிறார்கள். பிறகு அணைந்துபோன அதே கட்டையைத் தோய்க்கிறார்கள். ஓசையில்லை, ஆறு தூங்கிவிட்டதாம்! அந்தச் சோதனை கட்டையைப் பற்றிச் சொன்னதே தவிர, ஆற்றைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. மந்திரவாதியின் தட்டும் அப்படித்தான். அது சுண்ணாம்பைப் பற்றிச் சொல்லும். நம் விதியைப் பற்றிச் சொல்லாது.

நான்காவது, சந்தையிலும் திருவிழாவிலும் நாம் கண்டு மகிழ்ந்த செப்பிடுவித்தை. மூன்று கிண்ணம், மூன்று உருண்டை. நான்காவது உருண்டை ஒன்று அவன் உள்ளங்கையில் ஒளிந்திருக்கும். அவன் ஒரு வேடிக்கைச் சொல் சொல்கிறான், நாம் சிரிக்கிறோம். சிரிக்கும் கணத்தில் நம் கண் அவன் கையை விட்டு முகத்துக்குத் தாவுகிறது. வேலை முடிந்துவிட்டது! சிரிப்பே அவனது மந்திரக்கோல். ஆயினும் இது கைவித்தையே என்பதை அவன் மறைப்பதில்லை. அவன் சிரிக்கவைத்துக் காசு வாங்குகிறான்; மற்றவர் நடுங்கவைத்து நகையை வாங்குகிறார்.

மேல்நாட்டிலும் இதற்கு இணையுண்டு. சூனியக்காரிகள் என்று ஏழைக் கிழவிகளைத் தண்டித்துக்கொண்டிருந்த காலத்தில், 1584-ல், இங்கிலாந்தின் ரெஜினால்ட் ஸ்காட் என்பவர் ஒரு நூல் வெளியிட்டார். உருண்டை, காசு, சீட்டு ஆகியவற்றைக் கொண்டு செய்யும் வித்தைகளின் சூட்சுமத்தை அதில் விளக்கிக் காட்டினார். சூனியம் என்று அஞ்சத்தக்கது எதுவுமில்லை என்பதே அவர் வாதம்.

நாம் வாழும் மகாராஷ்டிரத்தில் இந்தப் பணிக்காக ஒருவர் உயிரையே கொடுத்தார். 1989-ல் மூடநம்பிக்கை ஒழிப்புச் சங்கம் கண்ட டாக்டர் நரேந்திர தாபோல்கர், 2013 ஆகஸ்டு 20 அன்று புனேயில் சுட்டுக் கொல்லப்பட்டார். அவர் பல்லாண்டு வேண்டிய சட்டம் அம்மாதமே அவசரச் சட்டமாக வந்து, டிசம்பரில் சட்டமன்றத்தில் நிறைவேறியது. பில்லி சூனியத்தின் பெயரால் ஏய்ப்பவர்க்கு 6 மாதம் முதல் 7 ஆண்டு வரை சிறையும், 5,000 முதல் 50,000 ரூபாய் வரை அபராதமும் உண்டு. கோயில் வலம் வருதல், யாத்திரை, பஜனை போன்ற வழிபாடுகளுக்கு இச்சட்டத்தால் எவ்விதத் தடையுமில்லை. ஆகவே 1060-ஆம் ஆண்டின் கல்வெட்டைக் கொண்ட நம் அம்பர்நாத் சிவாலயத்திற்கு மகாசிவராத்திரியன்று மனம் நிறைந்து செல்லலாம். ஏய்ப்பவரைப் பற்றிக் காவல் நிலையத்தில் தயங்காது புகாரும் கொடுக்கலாம்.

ஒன்று மட்டும் நினைவிருக்கட்டும். துன்பத்தால் கலங்கி மந்திரவாதியை அழைத்தவரைப் பார்த்து நாம் சிரிக்கலாகாது. பாட்டி தம் மருமகளைப் பார்த்துச் சிரிக்கவில்லை; மருமகளையும் சேர்த்துக்கொண்டு சிரித்தார். அதுதான் இந்நூலின் மூலமந்திரம்.

அடுத்த முறை வீட்டில் ஆலத்தி கரைக்கும்போது குழந்தைகளை அருகே அழையுங்கள். சுண்ணாம்பை அவர்கள் கையாலேயே கரைக்கச் சொல்லுங்கள். அந்தச் சிவப்பைக் கண்டு ஒருமுறை சிரித்த பிள்ளை, பிறகு எந்நாளும் அதற்கு அஞ்சமாட்டான்.