மலை மறைக்காத நாடகம்

ஊவாவில், பசறை வழியாக மொனராகலைக்கு இறங்கும் பாதையில் தோட்டத்து லயங்களைப் பாருங்கள். தகரக் கூரைகளின் மேல் டிஷ்கள், பலவும் தென்கிழக்கு வானத்தை அண்ணாந்தபடி இருக்கும். கொழுந்து நிறுத்து, சமைத்து, பிள்ளைகளுக்குச் சோறு போட்டு முடித்த நேரத்தில் சென்னை மாமியார்–மருமகள் சண்டை காம்பராவுக்குள் வந்து இறங்குகிறது.

1982இல் தொடங்கிய ரூபவாஹினியின் அலை பீதுருதாலகாலைக் கோபுரத்திலிருந்து தரையோரமாக, ஏறக்குறைய நேர்கோட்டில் வருவது. குறுக்கே ஒரு மலை நின்றால் பின்னாலுள்ள பள்ளத்தில் படம் புள்ளி புள்ளியாகத்தான் தெரியும். 2,036 மீற்றர் நமுனுகுலை நிற்கும் ஊர் இது.

செயற்கைக்கோளுக்கு அந்தச் சிக்கல் இல்லை. நிலநடுக்கோட்டுக்கு நேர்மேலே 35,786 கிலோமீற்றர் உயரத்தில், பூமி சுழலும் வேகத்துக்கு ஈடாகச் சுற்றுவதால் அது ஒரே இடத்தில் நிற்பதுபோல் இருக்கும். ஊவாவோ அந்தக் கோட்டுக்கு வடக்கே சுமார் 7 பாகையில்தான் இருக்கிறது. அதனால் கிழக்கு நெடுங்கோடு 93.5 பாகையில் நிற்கும் செயற்கைக்கோள், மொனராகலையிலிருந்து பார்த்தால் அடிவானத்துக்கு 70 பாகைக்கும் மேலே, கிட்டத்தட்ட உச்சியில் இருக்கும். அந்தப் பார்வையை மறைக்கும் மலை அரிது. இந்திய வீடுகளுக்கென்று அனுப்பும் அலைக்குப் பாக்கு நீரிணையும் ஒரு பொருட்டல்ல.

மலை மறைக்காததை மழை மறைக்கிறது. இந்த அலையின் நீளம் ஏறக்குறைய இரண்டரை சென்ரிமீற்றர். பெருமழையின் துளிகள் அதை உறிஞ்சியும் சிதறடித்தும் விடும். ஒக்டோபர் அடைமழையில், கதாநாயகி உண்மையைச் சொல்ல வாயெடுக்கும்போது அவள் முகம் கட்டம் கட்டமாக உறைவது அதனால்தான்.

இந்த நாடகங்களைக் காட்டும் சன் டிவி 1993இல் வந்தது. 1999இல் தொடங்கிய, நடிகை ராதிகாவின் ‘சித்தி’ இரவு நேரத்தையே நாடக நேரமாக்கியது. இந்த நாடகங்கள் பார்ப்பவரை மாற்றுமா? தமிழ்நாடு உட்பட ஐந்து இந்திய மாநிலங்களின் தரவுகளை வைத்து ரொபர்ட் ஜென்சனும் எமிலி ஆஸ்டரும் 2009இல் ஓர் ஆய்வை வெளியிட்டார்கள். கேபிள் வந்த ஊர்களில், மனைவியை அடிப்பது சரி என்று சொன்ன பெண்கள் குறைந்தார்கள். ஆண் பிள்ளைதான் வேண்டும் என்ற எண்ணமும் தளர்ந்தது. இந்த முடிவைக் கேள்வி கேட்ட ஆய்வாளர்களும் உண்டு.

அதே கேள்விகளை ஊவா லயங்களிலும் கேட்க வேண்டும். ஊவா வெல்லஸ்ஸ பல்கலைக்கழகம் பதுளையிலேயே இருக்கிறது. மாணவர்களே, ஒரு கேள்வித்தாளோடு தோட்டத்துக்குப் போங்கள். நாடக நேரத்துக்கு முன்பே போய்விடுங்கள்.