கொம்பில்லாத வைக்கிங்

வைக்கிங் வீரன் என்றதும் கொம்பு வைத்த தலைக்கவசம்தான் கண்முன் வருகிறது. ஆனால் 1943-இல் நார்வேயின் யெர்முண்ட்பூவில் கிடைத்த பத்தாம் நூற்றாண்டுக் கவசத்தில் கொம்பே இல்லை. உருண்டையான இரும்புத் தொப்பி, கண்களைச் சுற்றி மூக்குக்கண்ணாடி போல ஒரு காப்பு, அவ்வளவுதான். வாள்வீச்சு வழுக்கி விலக வேண்டிய இடத்தில் யாராவது கொம்பு நட்டு வைப்பார்களா? டென்மார்க்கின் வெக்ஸோ சதுப்பில் கொம்புக் கவசங்கள் கிடைத்தனவே என்று கேட்கலாம். கிடைத்தது உண்மைதான். ஆனால் அவை வெண்கலக் காலத்தவை. வைக்கிங்குகளுக்குச் சுமார் 1,700 ஆண்டுகள் மூத்தவை. பிறகு கொம்பு எப்படி முளைத்தது? 19-ஆம் நூற்றாண்டு ஓவியர்களின் கைவண்ணம் அது. அதை ஊரறியச் செய்தவை, 1876-இல் ஜெர்மனியின் பைராய்ட்டில் வாக்னரின் இசை நாடகத்துக்குக் கார்ல் எமில் டோப்ளர் வடிவமைத்த உடைகள். சித்திரக்கதை நாயகர்களும் கால்பந்து ரசிகர்களும் இன்று தலையில் மாட்டிக்கொள்வது அந்த நாடகக் கொம்பைத்தான்.