முதலில் ஹெட்போன், கடைசியில் டிஏசி

சென்ஹைசர் நிறுவனத்தின் ஹெச்டி 600 ஹெட்போன் 1997-ல் வந்தது. கால் நூற்றாண்டு கடந்தும் விற்பனையில் இருக்கிறது. ஆசைப்பட்டு வாங்கி லேப்டாப்பில் செருகும் பலருக்கு முதலில் தோன்றுவது, "இவ்வளவு கொடுத்தும் சத்தம் எடுபடவில்லையே" என்பதுதான். விவரம் தெரிந்த நண்பர் ஒருவர் "ஆம்ப் போடு" என்பார். இன்னொருவர், "நல்ல டிஏசி இல்லாமல் ஆம்ப் மட்டும் வாங்கி என்ன புண்ணியம்?" என்பார். தேடினால் சில ஆயிரத்தில் தொடங்கி லட்சக்கணக்கான ரூபாய் வரை பெட்டிகள் வரிசை கட்டி நிற்கின்றன. எதைப் பார்த்து வாங்குவது?

இரண்டு பெட்டிக்கும் வேலை வேறு. கணினியில் பாட்டு வெறும் எண்களாக இருக்கிறது. சிடி தரம் என்றால் வினாடிக்கு 44,100 எண்கள், ஒவ்வொன்றும் 16 பிட். அந்த எண்களை ஏறி இறங்கும் மின்னழுத்தமாக மாற்றித் தருவது டிஏசி. மேசையில் வைக்கும் டிஏசி பெரும்பாலும் பின்பக்க ஆர்சிஏ சாக்கெட்டில் 2 வோல்ட் அளவில் அதைத் தரும். ஆனால் ஹெட்போனை ஓட்டும் தெம்பு அதற்குக் கிடையாது. வால்யூம் குமிழை வைத்துக்கொண்டு, தேவையான அழுத்தத்தையும் மின்னோட்டத்தையும் தருவது ஆம்ப். போனிலும் லேப்டாப்பிலும் இந்த இரண்டும் சின்னதாக உள்ளேயே இருக்கின்றன. ஆகவே உங்கள் ஹெட்போனுக்கு உள்ளே இருப்பது போதுமா என்பதைத்தான் முதலில் பார்க்க வேண்டும். அதற்குப் பள்ளிக்கூட ஓம் விதி போதும்.

ஹெச்டி 600-ன் விவரத்தாளில் இரண்டு எண்கள் முக்கியம். இம்பீடன்ஸ், அதாவது மின்தடை, 300 ஓம். 1 வோல்ட் கொடுத்தால் 97 டெசிபல் சத்தம். இசையில் சட்டென்று எகிறும் உச்சங்களுக்கு 110 டெசிபல் வரை இடம் வைத்துக்கொள்வோம். இன்னும் 13 டெசிபல் வேண்டும். அதற்குச் சுமார் 4.5 வோல்ட். 300 ஓமில் அது 15 மில்லி ஆம்பியர், 67 மில்லிவாட். அவ்வளவுதான். மின்சாரம் அதிகம் தின்னும் ஹெட்போன் அல்ல இது, அழுத்தம்தான் கேட்கிறது.

இப்போது ஹைஃபைமேன் ஹெச்இ-6 என்ற பிளேனர் ஹெட்போனை எடுத்துக்கொள்ளுங்கள். இம்பீடன்ஸ் வெறும் 50 ஓம். "50 ஓம்தானே, போனே ஓட்டிவிடும்" என்று நினைத்தால் ஏமாந்துபோவோம். 1 மில்லிவாட்டுக்கு 83.5 டெசிபல்தான் தருகிறது. அதே 110 டெசிபலுக்கு 447 மில்லிவாட், ஏறக்குறைய 4.7 வோல்ட், 95 மில்லி ஆம்பியர். அழுத்தம் கிட்டத்தட்ட ஒன்றுதான், மின்னோட்டம் ஆறு மடங்கு. ஓம் எண்ணை மட்டும் பார்த்து "கஷ்டமான ஹெட்போன், சுலபமான ஹெட்போன்" என்று பிரிக்கும் பழக்கத்தை இந்த ஒரு கணக்கு உடைத்துவிடும்.

காதுக்குள் செருகும் இயர்போன் இதற்கு நேர் எதிர். 18 ஓம், மில்லிவாட்டுக்கு 105 டெசிபல் உள்ள ஒன்றுக்கு 110 டெசிபல் எட்ட கால் வோல்ட்கூடத் தேவையில்லை. அதற்குப் பெரிய ஆம்ப் வாங்கினால் பாட்டுக்கு முன்னால் கேட்பது 'உஸ்' என்ற இரைச்சல்தான்.

விளம்பரங்களில் ஆம்பின் பவர் பெரிய எழுத்தில் இருக்கும். அது பெரும்பாலும் 32 ஓமுக்கான எண். உங்கள் ஹெட்போனுக்கு என்ன கிடைக்கும் என்பதை நீங்கள்தான் கணக்குப் போட வேண்டும். 32 ஓமில் 1 வாட் என்றால் 5.7 வோல்ட். அதே அழுத்தம் 300 ஓமில் 107 மில்லிவாட் தரும். ஹெச்டி 600-க்கு அது தாராளம். ஆகவே 1 வாட் ஆம்பிலிருந்து 6 வாட் ஆம்புக்கு மாறினால் ஹெச்டி 600 'மலர்ந்துவிடும்' என்று யாராவது சொன்னால், சிரித்துவிட்டு நகர்ந்துவிடலாம்.

அடுத்து, ஆம்பின் அவுட்புட் இம்பீடன்ஸ். இதைக் கவனிப்பவர்கள் குறைவு. சிக்கல் என்னவென்றால், ஹெட்போனின் இம்பீடன்ஸ் எல்லா ஸ்வரத்துக்கும் ஒன்றாக இருப்பதில்லை. ஹெச்டி 600-ல் 300 என்று போட்டிருந்தாலும், 100 ஹெர்ட்ஸ் பக்கம் அது 500 ஓமைத் தாண்டுகிறது. 120 ஓம் அவுட்புட் உள்ள பழைய ஆம்பிலோ வால்வ் ஆம்பிலோ இதைச் செருகினால், கீழ்ஸ்தாயி சுமார் 1 டெசிபல் தூக்கிக் கேட்கும். 'வால்வின் கதகதப்பு' என்று சிலாகிக்கப்படுவதில் இதற்கும் ஒரு பங்கு உண்டு. பிடித்திருந்தால் தப்பில்லை, ஆனால் 10 ஓமுக்கும் 40 ஓமுக்கும் இடையே ஊசலாடும் இயர்போனை 10 ஓம் அவுட்புட்டில் போட்டால் வித்தியாசம் 4 டெசிபல். பாடகரின் குரலே மாறிவிடும்.

ஹெட்போன் இம்பீடன்ஸில் எட்டில் ஒரு பங்குக்கு மேல் ஆம்பின் அவுட்புட் இருக்கக்கூடாது என்ற விதியைப் பிரபலமாக்கியவர், என்டபிள்யூஏவிகை என்ற புனைபெயரில் எழுதிய ஒரு பொறியாளர். 2011-ல் 'ஆப்ஜெக்டிவ் 2' என்ற ஆம்பை வடிவமைத்து, யார் வேண்டுமானாலும் செய்துகொள்ளலாம் என்று சர்க்யூட்டையும் வெளியிட்டார். இரண்டு 9 வோல்ட் பேட்டரியில்கூட ஓடும். அவுட்புட் இம்பீடன்ஸ் அரை ஓம் அளவுதான். பல மடங்கு விலையுள்ள ஆம்புகளின் அளவீடுகளை அது வெட்கப்பட வைத்தது. அடுத்த ஆண்டே மனிதர் எழுதுவதை நிறுத்திக்கொண்டார். அவர் யார் என்பது இன்றுவரை வெளியே வரவில்லை. இன்று குறைந்த விலையில் கிடைக்கும் டாப்பிங், எஸ்எம்எஸ்எல், ஜேடிஎஸ் லேப்ஸ் ஆம்புகளில் அவுட்புட் இம்பீடன்ஸ் பெரும்பாலும் 1 ஓமுக்குள் இருக்கிறது.

கெயின் சுவிட்சையும் பார்த்துவிடுங்கள். டிஏசி 2 வோல்ட் தரும்போது ஆம்ப் அதை 6 மடங்காக்கினால் 12 வோல்ட். வால்யூம் குமிழை மணி எட்டு நிலையைத் தாண்டித் திருப்ப முடியாது. மலிவான குமிழ்களில் ஆரம்ப நிலையில் இடமும் வலமும் சமமாக இருப்பதில்லை, ஒரு காதில் மட்டும் பாட்டு கேட்கும். ஆம்ப் பழுது என்று திருப்பி அனுப்புவதற்கு முன் கெயினைக் குறைத்துப் பாருங்கள்.

இனி டிஏசி. சண்டை அதிகம் நடப்பது இங்கேதான், கேட்டறியக்கூடிய வித்தியாசம் குறைவாக இருப்பதும் இங்கேதான்.

டிஏசி பெட்டிகளில் பெரிதாகச் சொல்லப்படும், சிடியை மிஞ்சிய உயர்தர ஒலியையே எடுத்துக்கொள்வோம். பிராட் மேயர், டேவிட் மோரன் இருவரும் 2007-ல் ஆடியோ பொறியாளர் சங்கத்தின் ஆய்விதழில் ஒரு சோதனையை வெளியிட்டார்கள். உயர்தர வட்டுகளின் ஒலியை ஒரு முறை அப்படியே, ஒரு முறை சிடி தரத்துக்கு இறக்கி என மாற்றி மாற்றி ஒலிக்கவிட்டு, எது எது என்று கேட்டார்கள். 554 முறை கேட்டதில் 276 முறை சரியான விடை. காசைச் சுண்டிப்போட்டாலும் இதுதான் வரும். 2016-ல் லண்டன் குயின் மேரி பல்கலைக்கழகத்தின் ஜோஷுவா ரைஸ் 18 ஆய்வுகளை ஒன்றுசேர்த்துப் பார்த்தபோது 52.3 சதவீதம் சரியான விடை வந்தது. வித்தியாசமே இல்லை என்று அடித்துச் சொல்ல முடியாது. ஆனால் அதற்காக லட்ச ரூபாய் செலவழிக்கவும் முடியாது.

டிஏசிக்குள் இருக்கும் சிப்பின் பெயரைப் பார்த்து வாங்குபவர்களுக்கு ஒரு பழைய செய்தி. 2020 அக்டோபர் 20 அன்று ஜப்பானின் நொபெயோக்காவில் ஏகேஎம் நிறுவனத்தின் சிப் தொழிற்சாலை தீப்பிடித்தது. டிஏசி சிப்புகளுக்கு உலகம் முழுக்கத் தட்டுப்பாடு. தயாரிப்பாளர்கள் போட்டியாளரான இஎஸ்எஸ் சிப்புக்குத் தாவினார்கள். ஃபீயோ நிறுவனத்தின் கே5 புரோ என்ற டிஏசி-ஆம்ப், பெயருக்குப் பின்னால் 'இஎஸ்எஸ்' என்று சேர்த்துக்கொண்டு மறுபடி வந்தது. அதுவும் விற்றது. சிப்பைச் சுற்றியுள்ள சர்க்யூட்டும் பவர் சப்ளையும் சிப்பின் பெயரைவிட முக்கியம் என்பது வடிவமைப்பாளர்களுக்கு எப்போதும் தெரிந்ததுதான். பெட்டியில் எம்கியூஏ என்ற ஒலிக்கோப்பு வடிவத்தின் முத்திரை இருக்கிறதா என்று தேடவும் வேண்டாம்; எம்கியூஏ நிறுவனம் 2023-ல் திவால் நடவடிக்கைக்குப் போய்விட்டது.

டிஏசியில் பார்க்க வேண்டியவை சாதாரணமானவை. உங்களுக்கு வேண்டிய இன்புட் இருக்கிறதா? கணினியில் மவுஸை அசைத்தால் காதில் 'கிர்' என்று கேட்கிறதா? கேட்டால் அது பெரும்பாலும் யுஎஸ்பி வழியாகவும் எர்த் வழியாகவும் வரும் இரைச்சல். கணினியில் ஆப்டிகல் அவுட்புட் இருந்தால் அதற்கு மாறுங்கள். ஒளிக்கம்பியில் மின்தொடர்பு இல்லாததால் அந்த இரைச்சலுக்கு வழியே இல்லை. இரண்டு டிஏசிகளை ஒப்பிட்டுக் கேட்பதாக இருந்தால் சத்தத்தை வோல்ட் மீட்டர் வைத்துச் சமப்படுத்துங்கள். கொஞ்சம் சத்தம் கூடியதுதான் 'தெளிவானது' என்று காது சத்தியம் செய்யும்.

நம் ஊர் மின்சாரத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். ஷிட், ஜேடிஎஸ் லேப்ஸ் போன்ற அமெரிக்க நிறுவனங்களின் பல ஆம்புகளுக்கு 15 வோல்ட் அளவில் ஏசி தரும் அடாப்டர்தான் வருகிறது, டிசி அல்ல. வெளிநாட்டு உறவினர் வாங்கி வந்த 115 வோல்ட் அடாப்டரை நம் 230 வோல்ட் பிளக்கில் செருகினால் புகைதான் வரும். அதற்குப் பதிலாக சென்னை ரிச்சி தெருவில் கிடைக்கும் சாதாரண டிசி அடாப்டரைப் போட்டாலும் ஆம்ப் வேலை செய்யாது. ஆர்டர் போடும்போதே 230 வோல்ட் வகையைக் கேட்டு வாங்குங்கள். மின்சாரம் போய் ஸ்கொயர் வேவ் இன்வெர்ட்டர் எடுத்துக்கொண்டதும் டிரான்ஸ்ஃபார்மர் உள்ள ஆம்ப் உறுமினால், பழுது ஆம்பில் இல்லை. எர்த் இல்லாத இரண்டு பின் சாக்கெட்டில் லேப்டாப்பைப் போட்டுக்கொண்டு ஹம் வருகிறது என்று டிஏசியை மாற்றுவதும் வீண். எலெக்ட்ரீஷியனைக் கூப்பிடுங்கள்.

அப்படியானால் எதை வாங்கலாம்? பெட்டியைத் தேடுவதற்கு முன் ஆப்பிளின் யுஎஸ்பி-சி டாங்கிளை வாங்கிப் பாருங்கள். அமெரிக்காவில் 9 டாலருக்கு வந்த பொருள். 1 வோல்ட் தருகிறது, அவுட்புட் இம்பீடன்ஸும் 1 ஓம் பக்கம்தான். ஐரோப்பாவில் விற்பது பாதி வோல்ட்தான் தரும், பல ஆண்ட்ராய்டு போன்களில் சத்தம் மட்டுப்பட்டுவிடும்; ஆகவே கணினியிலோ ஐபோனிலோ போட்டுச் சோதியுங்கள். வால்யூம் முக்கால் பங்கிலேயே போதும் என்றால் உங்களுக்கு ஆம்ப் தேவையில்லை. முழுசாகத் திருப்பியும் போதவில்லை என்றால், முதலில் கேட்கும் அளவைச் சந்தேகியுங்கள்: வாரத்துக்கு 40 மணி நேரம் கேட்பவருக்கு உலக சுகாதார நிறுவனம் சொல்லும் எல்லை 80 டெசிபல். அதற்குள் இருந்தும் உச்சங்கள் நசுங்கினால் டிஏசியும் ஆம்பும் சேர்ந்த ஒரே பெட்டி போதும். ஹெச்இ-6 மாதிரிப் பசியுள்ள பிளேனருக்கு மட்டும் தனி ஆம்புக்குப் பணம் ஒதுக்குங்கள். மிச்சமாகும் பணத்தில் ஹெட்போனின் நைந்துபோன இயர்பேடை மாற்றுங்கள். இரண்டு டிஏசிகளுக்கு இடையே இருப்பதைவிடப் பழைய பேடுக்கும் புதிய பேடுக்கும் உள்ள வித்தியாசம் பெரியது, அளவீட்டிலும் தெரியும், காதுக்கும் தெரியும்.