தபால் மெஷின் கணக்குப் போடுவது எப்படி?

பல அமெரிக்க அலுவலகங்களில் ஸ்டாம்பு ஒட்டும் வேலையே கிடையாது. கவரைத் தபால் மெஷினின் தட்டில் வைத்தால், கட்டணத்தை அதுவே சொல்லிவிடும். எப்படி?

தட்டுக்கு அடியில் ஓர் உலோகத் துண்டு இருக்கிறது. கவரின் பாரத்தில் அது கண்ணுக்குத் தெரியாத அளவு வளையும். அதன்மேல் ஒட்டியிருக்கும் மெல்லிய உலோக இழையின் மின்தடை மாறும். அந்த மாற்றத்தைத்தான் மெஷின் எடையாகப் படிக்கிறது.

கட்டணம் அவுன்ஸ் கணக்கில்தான்; ஓர் அவுன்ஸ் என்பது சுமார் 28 கிராம். கடிதம் 1.1 அவுன்ஸ் இருந்தாலும் 2 அவுன்ஸுக்குக் காசு. அனுப்பியதற்குச் சான்று தரும் 'சர்ட்டிஃபைடு மெயில்' சேவையைத் தேர்ந்தெடுத்தால் அதற்கான தனிக் கட்டணம் சேரும். பெற்றவர் கையெழுத்திட்ட ஒப்புகை அட்டை திரும்பி வர வேண்டுமா? அதற்கு இன்னொரு தொகை. இவை இரண்டும் எடையைப் பார்ப்பதில்லை; தாள் கூடினால் ஏறுவது எடைக் கட்டணம் மட்டுமே.

அஞ்சல் துறை கட்டணத்தை மாற்றினால், புதிய பட்டியல் இணையம் வழியே மெஷினுக்குள் இறங்கும். கட்டிவைத்த முன்பணத்தில் தொகை கழிந்து, கவரில் முத்திரை விழும். அமெரிக்க அஞ்சல் துறை 1920-ல் அனுமதித்த மெஷினின் வாரிசு இது.

ஒன்றை மறக்காதீர்கள்: ஒப்புகை அட்டையை ஒட்டிய பிறகே எடை போடுங்கள். அட்டைக்கும் எடை உண்டு!