40 லட்சம் வாங்கி 83 லட்சம் கட்டும் கணக்கு

வீட்டுக்கடன் வாங்கப் போகும் குடும்பம் பெரும்பாலும் இரண்டே கேள்விதான் கேட்கிறது. வட்டி எத்தனை சதவீதம்? மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்? இரண்டுக்கும் சரியான பதில் கிடைத்த பிறகும் அந்தக் கடனின் முழு விலை தெரியாமலே இருக்கிறது. 40 லட்சம் ரூபாயை 8.5 சதவீத வட்டியில் 20 ஆண்டுகளுக்கு வாங்கினால் மாதத் தவணை 34,713 ரூபாய். மொத்தம் 240 தவணை. கூட்டிப் பார்த்தால் 83 லட்சத்து 31 ஆயிரம் ரூபாய் வருகிறது. வட்டி மட்டுமே 43 லட்சத்துக்கு மேல், அசலையே தாண்டிவிட்டது.

இந்தக் கணக்கில் மறைவு ஏதும் இல்லை. ஒவ்வொரு மாதமும் அன்றைக்கு நிலுவையில் இருக்கும் அசலுக்கு மட்டுமே வட்டி போடப்படுகிறது. தவணையில் வட்டி போக மிஞ்சுவது அசலில் கழிகிறது. முதல் மாதத்தை மட்டும் எடுத்துப் பார்க்கலாம். 40 லட்சத்துக்கு ஒரு மாத வட்டி 28,333 ரூபாய். கட்டிய 34,713-ல் அது போக அசலுக்குச் சேர்வது 6,380. கடன் 39,93,620 ஆகிறது. அடுத்த மாத வட்டி இந்தத் தொகைக்கு. முந்தைய மாதத்தைவிட 45 ரூபாய்தான் குறைவு. அந்த 45 ரூபாய் அசலுக்குப் போகிறது. இப்படி மாதாமாதம் சில்லறை சில்லறையாகத்தான் தவணையின் எடை வட்டியிலிருந்து அசலுக்கு நகர்கிறது.

ஐந்து ஆண்டு ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டியவர் 20 லட்சத்து 83 ஆயிரம் ரூபாய் செலுத்தியிருப்பார். நிலுவை 35 லட்சத்து 25 ஆயிரம். அசலில் ஐந்து லட்சம்கூடக் குறையவில்லை. தவணையில் வட்டியைவிட அசலின் பங்கு பெரிதாவது பன்னிரண்டாம் ஆண்டின் முடிவில். கடன் பாதியாக, அதாவது 20 லட்சமாக, இறங்குவது பதினான்காம் ஆண்டின் கடைசியில். பாதிக் காலம் போனால் பாதிக் கடன் தீர்ந்திருக்கும் என்று நினைப்பது இயல்பு. வீட்டை இடையில் விற்க நேர்பவர்களும், நிலுவை எவ்வளவு என்று முதல்முறையாக விசாரிப்பவர்களும் அதிர்ந்துபோவது இந்த இடத்தில்தான்.

வட்டி விகிதத்தைவிடக் காலமே இந்த விலையைப் பெரிதாக ஆட்டி வைக்கிறது. அதே 40 லட்சத்தை அதே வட்டியில் 15 ஆண்டுக்கு வாங்கினால் தவணை 39,390. மொத்த வட்டி 30 லட்சத்து 90 ஆயிரம். 30 ஆண்டுக்கு வாங்கினால் தவணை 30,757; மொத்த வட்டி 70 லட்சத்து 72 ஆயிரம். 20 ஆண்டை 30 ஆக்கினால் மாதம் மிச்சமாவது 4,000 ரூபாய்க்கும் குறைவு. அதற்குக் கொடுக்கும் விலை 27 லட்சத்துக்கும் மேல். சம்பளத்துக்குத் தவணை அடங்கவில்லை என்றால் காலத்தை நீட்டுவது தவிர வழியில்லாமல் இருக்கலாம். ஆனால் அடங்கும் நிலையிலும் ‘தவணை குறைவாக இருக்கட்டும்’ என்று நீண்ட காலத்தைத் தேர்ந்தெடுப்பவர்கள் இந்த 27 லட்சத்தை அறியாமலே ஒப்புக்கொள்கிறார்கள்.

கடனை வேறு வங்கிக்கு மாற்றும்போதும் இதே பொறி காத்திருக்கிறது. ஐந்து ஆண்டு கட்டி முடித்து 35 லட்சத்து 25 ஆயிரம் நிலுவையில் நிற்பவருக்கு, அரை சதவீதம் குறைத்து 8 சதவீதத்தில் தருவதாக இன்னொரு வங்கி அழைப்பு விடுக்கிறது. தவணை 29,485 ஆகும் என்கிறது. மாதம் ஐயாயிரம் மிச்சம் என்று கையெழுத்துப் போட்டால், அந்தப் புதிய கடன் மறுபடியும் 20 ஆண்டுக்கானது. பழைய கடனிலேயே இருந்திருந்தால் மீதி 15 ஆண்டில் கட்ட வேண்டியது 62 லட்சத்து 48 ஆயிரம். புதிய கடனில் கட்டப்போவது 70 லட்சத்து 76 ஆயிரம். வட்டி குறைந்தும் எட்டு லட்சம் கூடுதல். மாற்றுவது தவறில்லை, மாற்றும்போது காலத்தை 15 ஆண்டிலேயே நிறுத்தினால்தான் குறைந்த வட்டியின் பலன் கைக்கு வரும்.

இதுவரை சொன்னது வட்டி 20 ஆண்டும் அசையாமல் இருப்பதாக வைத்துப் போட்ட கணக்கு. இந்தியாவில் வீட்டுக்கடன்கள் பெரும்பாலும் மாறும் வட்டிக்கடன்கள். 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் புதிதாகத் தரும் மாறும் வட்டி வீட்டுக்கடன்களை ஒரு வெளி அளவுகோலோடு இணைக்க வேண்டும் என்று ரிசர்வ் வங்கி விதித்தது. பெரும்பாலான வங்கிகள் ரெப்போ வட்டியை, அதாவது ரிசர்வ் வங்கி தங்களுக்குக் குறுகிய காலத்துக்குக் கடன் தரும் வட்டியை, அளவுகோலாக எடுத்துக்கொண்டன. வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கு இந்தக் கட்டாயம் இல்லை. அவை தங்கள் சொந்த அடிப்படை வட்டியை வைத்துக் கணக்கிடுகின்றன.

2020 மே மாதம் 4 சதவீதத்துக்கு இறங்கிய ரெப்போ வட்டி இரண்டு ஆண்டு அங்கேயே நின்றது. 2022 மே முதல் ஏறத் தொடங்கி 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதத்தைத் தொட்டது. பத்து மாதத்துக்குள் இரண்டரை சதவீத ஏற்றம். வட்டி மலிவாக இருந்த 2021-ல் 6.75 சதவீதத்தில் 40 லட்சம் வாங்கியவரின் தவணை 30,415 ரூபாய். ஒன்றரை ஆண்டு கட்டியபின் அவருடைய நிலுவை 38 லட்சத்து 50 ஆயிரம். ஏற்றம் முழுவதும் அப்போது ஒரே மூச்சில் வந்ததாக வைத்துக்கொண்டால் வட்டி 9.25 சதவீதம், மாத வட்டி மட்டுமே 29,681 ரூபாய். தவணையில் அசலுக்கு மிஞ்சுவது 734 ரூபாய். அதே தவணையைத் தொடர்ந்தால் கடன் முடிய இன்னும் 40 ஆண்டு ஆகும். மீதமிருந்த பதினெட்டரை ஆண்டிலேயே முடிக்க வேண்டுமானால் தவணையை 36,280 ரூபாய்க்கு உயர்த்த வேண்டும்.

அந்த நாட்களில் தவணை உயராததைப் பார்த்துப் பலர் நிம்மதியாக இருந்தார்கள். உயர்ந்தது தவணைகளின் எண்ணிக்கை. வங்கிக் கணக்கில் மாதாமாதம் பிடிக்கும் தொகை மாறாததால் அது கண்ணில் படவில்லை. ஓய்வு பெறும் வயதையும் தாண்டிக் கடன் நீள்வதைத் தாமதமாகத்தான் கண்டுகொண்டார்கள். இதையடுத்து 2023 ஆகஸ்ட் 18-ல் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் சேர்த்துச் செய்வதா என்பதைத் தேர்ந்தெடுக்கும் வாய்ப்பு கடன் வாங்கியவருக்குத் தரப்பட வேண்டும். நிலையான வட்டிக்கு மாறும் வழியும் இருக்க வேண்டும் என்று அப்போது விதிக்கப்பட்டது. மாத வட்டிக்கே தவணை போதாமல் கடன் வளரும் நிலை வரக்கூடாது. மூன்று மாதத்துக்கு ஒருமுறை தரப்படும் அறிக்கையில் இதுவரை பிடித்த அசல், வட்டி, மீதித் தவணைகளின் எண்ணிக்கை ஆகியவை இருக்க வேண்டும். அந்த அறிக்கையில் முதலில் பார்க்க வேண்டியது கடைசியாகச் சொன்ன எண்ணைத்தான். வட்டி இறங்கும் காலத்துக்கும் இது பொருந்தும். 2025 பிப்ரவரி முதல் ஜூன் வரை ரெப்போ வட்டி ஒரு சதவீதம் குறைக்கப்பட்டு 5.5 ஆனது. இப்படிப்பட்ட காலத்தில் தவணையைக் குறைக்கச் சொல்லாமல் பழைய தொகையையே கட்டிக்கொண்டு வந்தால், இழந்த ஆண்டுகளில் சிலவற்றை மீட்டுக்கொள்ளலாம்.

கடனின் விலையைக் குறைக்க வாங்கியவரிடம் இருக்கும் மிகப் பெரிய கருவி முன்கூட்டியே ஒரு தொகையைச் செலுத்துவது. மீண்டும் முதலில் சொன்ன 40 லட்சக் கடனுக்கே வரலாம். இரண்டாம் ஆண்டு முடிவில் போனஸோ சீட்டுப் பணமோ வந்து 2 லட்சம் ரூபாயை அசலில் கட்டி, தவணையை மாற்றாமல் விட்டால், கடைசியில் 24 தவணைகள் காணாமல் போகின்றன. போட்ட 2 லட்சத்தைக் கழித்த பிறகும் ஏறத்தாழ ஆறரை லட்சம் மிச்சம். அதே 2 லட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் குறைவது எட்டரைத் தவணைதான். மிச்சம் ஒரு லட்சத்தைத் தொடாது. பணம் அதேதான். முதலில் கட்டிய பணம் பதினெட்டு ஆண்டு வட்டியைத் தடுக்கிறது, பிந்திக் கட்டியது ஐந்து ஆண்டு வட்டியை. மொத்தமாகப் பணம் சேராதவர்கள் ஆண்டுக்கு ஒரு தவணையைக் கூடுதலாகக் கட்டினாலே 20 ஆண்டுக் கடன் ஏறத்தாழ 16 ஆண்டு 8 மாதத்தில் முடிந்துவிடும். தனிநபரின் மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டி அடைப்பதற்கு வங்கிகள் அபராதக் கட்டணம் வாங்கக்கூடாது என்று 2012-லேயே ரிசர்வ் வங்கி உத்தரவிட்டுவிட்டது. நிலையான வட்டிக்கடனாக இருந்தால் ஒப்பந்தத்தைப் படித்துப் பார்க்க வேண்டும். முன்பணம் கட்டும்போது ‘தவணை குறையட்டுமா, காலம் குறையட்டுமா’ என்று கேட்கப்படும். காலம் என்பதைத் தேர்ந்தெடுத்தால்தான் மேற்சொன்ன மிச்சம் கிடைக்கும்.

தவணைக்கு வெளியே நிற்கும் செலவுகள் தனி. 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரை கடன் கேட்கும் நிலையில், வீட்டின் மதிப்பில் 80 சதவீதம் வரைதான் வங்கி தரலாம். 50 லட்ச ரூபாய் வீட்டுக்கு 40 லட்சம் கடன் என்றால் 10 லட்சம் கைக்காசு. பத்திரச் செலவு அந்த 50 லட்சக் கணக்கில் சேராது. தமிழ்நாட்டில் தனி வீட்டின் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். ஆக இன்னும் நாலரை லட்சம். இந்த இடைவெளியை அடைக்க நகைக்கடனோ தனிநபர் கடனோ வாங்கினால் வீட்டின் ஒரு பகுதி அதிக வட்டியில் வாங்கப்பட்டதாகிறது. பிராசஸிங் கட்டணம், வழக்கறிஞர் கருத்துரை, மதிப்பீட்டாளர் கட்டணம், மூலப்பத்திரத்தை வங்கியில் ஒப்படைத்ததற்கான ஆவணப் பதிவு ஆகியவையும் உண்டு. கட்டி முடியாத அடுக்குமாடியில் வாங்குபவர்கள் சாவி கைக்கு வரும்வரை, விடுவிக்கப்பட்ட தொகைக்கான வட்டியை மட்டும் கட்டிக்கொண்டிருப்பார்கள். அதில் அசல் ஒரு ரூபாயும் குறையாது. குடியிருக்கும் வீட்டு வாடகை வேறு. கட்டடம் தாமதமாகும் ஒவ்வொரு மாதமும் இரட்டைச் செலவு.

கடன் பத்திரங்களில் கையெழுத்துப் போடும் நாளில், கட்டுக்கட்டான தாள்களுக்கு நடுவே பெரும்பாலும் ஒரு காப்பீட்டு விண்ணப்பமும் இருக்கும். ஒரே தடவை கட்டும் பிரீமியம் 1 லட்சத்து 20 ஆயிரம் என்று வைத்துக்கொள்வோம். ‘கையிலிருந்து தர வேண்டாம், கடனிலேயே சேர்த்துவிடலாம்’ என்பார்கள். சேர்த்தால் தவணை 1,041 ரூபாய் கூடும். 20 ஆண்டில் அந்தப் பிரீமியத்துக்காகக் கட்டுவது இரண்டரை லட்சம். கடன் வாங்கியவருக்கு ஆயுள் காப்பீடு மிகவும் அவசியம். அவர் இல்லாமல் போனால் குடும்பம் வீட்டை இழந்துவிடக்கூடாது. ஆனால் அதைக் கடன் தருபவரிடமே, கடனுக்குள்ளேயே வாங்க வேண்டும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. தனியாக எடுக்கும் டேர்ம் பாலிசியின் பிரீமியத்தையும் கேட்டு ஒப்பிட்ட பிறகே முடிவெடுக்க வேண்டும். 2024 அக்டோபர் 1 முதல் அனுமதிக்கப்படும் கடன்களுக்கு முக்கிய விவர அறிக்கை ஒன்று கட்டாயமாகியிருக்கிறது. கட்டணங்களையும் இத்தகைய காப்பீட்டுச் செலவையும் வட்டியோடு சேர்த்து, உண்மையில் ஆண்டுக்கு எத்தனை சதவீதம் ஆகிறது என்பதை அது காட்டும். இரண்டு வங்கிகளை ஒப்பிட விளம்பரத்தில் வரும் வட்டியைவிட இந்த எண் நம்பகமானது.

வரிச் சலுகை இந்த விலையில் கொஞ்சத்தைத் திருப்பித் தரும் என்பது பழைய வருமான வரிமுறையில் இருப்பவர்களுக்கே உண்மை. அங்கும் சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டுக்கான வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம் வரைதான் கழிக்க முடியும். மேற்படிக் கடனின் முதல் ஆண்டு வட்டியோ 3 லட்சத்து 37 ஆயிரம். 20 சதவீத வரி கட்டுபவருக்கு மிஞ்சுவது ஏறத்தாழ 40 ஆயிரம். புதிய வரிமுறையில், குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு இந்தக் கழிவே கிடையாது. வரிக்காகக் கடனை நீட்டி வைத்திருப்பதில் லாபம் இல்லை.

83 லட்சம் என்ற எண்ணையும் அப்படியே எடுத்துக்கொண்டு பயப்பட வேண்டியதில்லை. இருபதாம் ஆண்டில் கட்டும் 34,713 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு இருக்காது. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறுவதாக வைத்தால், அந்தக் கடைசித் தவணை இன்றைய 13 ஆயிரம் ரூபாய்க்குச் சமம். 240 தவணைகளையும் இப்படி இன்றைய பணத்துக்கு மாற்றிக் கூட்டினால் ஏறத்தாழ 53 லட்சம் வருகிறது. நீண்ட காலக் கடனை ஆதரித்துப் பேசுபவர்களின் வாதம் இதுதான். அதில் நியாயமும் இருக்கிறது. ஆனால் விலைவாசியோடு வருமானமும் ஏறினால்தான் தவணையின் பாரம் குறையும். வேலை நிச்சயமில்லாதவருக்கும், வருமானம் ஏறாமல் நிற்கும் சிறு வியாபாரிக்கும் கடைசித் தவணையும் முதல் தவணையைப் போலவே கனக்கும்.

கடைசித் தவணையோடும் கணக்கு முடிந்துவிடுவதில்லை. முழுக் கடனும் அடைந்த 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும், தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் ஈடு தர வேண்டும் என்ற ரிசர்வ் வங்கி விதி 2023 டிசம்பர் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. பத்திரம் கைக்கு வந்தாலும், அதை வங்கியில் ஒப்படைத்த பதிவு சார்பதிவாளர் அலுவலகக் கணக்கில் அப்படியே இருக்கும். வங்கி எழுதிக்கொடுக்கும் ரசீது ஆவணத்தைப் பதிவு செய்து, புதிதாக ஒரு வில்லங்கச் சான்று எடுத்து, அதில் அந்த ரசீது ஏறியிருக்கிறதா என்று பார்க்க வேண்டும். இந்த வேலையைச் செய்யாமல் விட்ட வீடுகளில், பிள்ளைகள் காலத்தில் விற்கவோ பாகம் பிரிக்கவோ போகும்போது, என்றோ அடைந்த கடன் வில்லங்கமாக எழுந்து நிற்கிறது.